கோல் அடித்த கோல்கீப்பர்

கேள்வி: கோலைத் தடுக்க வேண்டியவரே கோல் அடித்து ஓர் அணியைக் காப்பாற்றியது உண்டா?

பதில்: உண்டு. 1998-99 பருவத்தில் இங்கிலாந்துக் கால்பந்து லீக்கின் நான்காம் அடுக்கில் 24 அணிகள். கடைசி இடம் பிடித்தால் லீக்கை விட்டே வெளியேற வேண்டும். ஸ்காட்லாந்து எல்லையோர நகரான கார்லைலின் அணிக்கு 46ஆவது ஆட்டம்வரை உயிர் ஊசலாடியது. 1999 மே 8, பிரன்டன் பார்க் மைதானம்: பிளைமவுத்துடன் 1-1. கடைசி இடத்தைத் தவிர்க்கப் போராடிய மற்றோர் அணியான ஸ்கார்பரோ, வேறு ஊரில் தன் ஆட்டத்தை முடித்துவிட்டு, தப்பித்தோம் என்றே நினைத்தது. கடைசி நொடிகளில் ஒரு கார்னர் கிக். ஸ்விண்டனிலிருந்து இரவலாக வந்து, கார்லைலுக்கு மூன்றே ஆட்டங்கள் ஆடிய கோல்கீப்பர் ஜிம்மி கிளாஸ் எதிர்முனைவரை ஓடிவந்தார். தடுக்கப்பட்டுத் திரும்பிய பந்தை வலைக்குள் உதைத்தார். இரவல் கை அல்ல, இரவல் கால் காப்பாற்றியது! கார்லைல் 49 புள்ளி, ஸ்கார்பரோ 48. பாவம் ஸ்கார்பரோ, லீக்குக்குத் திரும்பவே இல்லை. 2007இல் அந்த கிளப் மூடப்பட்டது.