கணவாய் தாண்டினால் கண் தெரியும்

பார்வை மங்கியவர்களே, மதுரைக்கும் கோவைக்கும் போய் ஏன் காசைக் கரைக்கிறீர்கள்? தொப்பூருக்கு வாருங்கள். தருமபுரிப் பக்கமிருந்து கணவாய் இறங்கிச் சேலம் போய்ச் சேர்ந்தால் போதும். ஒரு வழக்குக்கே அப்படித்தான் பார்வை திரும்பியது.

2000 பிப்ரவரி 2. கொடைக்கானல் பிளசன்ட் ஸ்டே ஓட்டல் வழக்கில் ஜெயலலிதாவுக்கு ஓராண்டுத் தண்டனை. தலைவிக்காகத் துடித்த தொண்டர்கள், தருமபுரி அருகே இலக்கியம்பட்டியில் வேளாண் பல்கலைக்கழகப் பேருந்துக்குத் தீ வைத்தார்கள். உள்ளே மாணவிகள். கோகிலவாணி, காயத்ரி, ஹேமலதா கருகிச் செத்தார்கள். பட்டப்பகல், நடுச்சாலை, மறியல் கூட்டம். சாட்சிக்கு இதற்குமேல் என்ன வெளிச்சம் வேண்டும்?

2001இல் ஆட்சி மாறியது, தலைவியின் கட்சியே அரியணை ஏறியது. ஊருக்கே கண்புரை விழுந்தது. கிருஷ்ணகிரி நீதிமன்றத்தில் கூண்டேறிய சாட்சிகள் ஒருவர் பின் ஒருவராகப் பிறழ்ந்தார்கள். மகளைப் பறிகொடுத்த தந்தை ஒருவர் உயர் நீதிமன்றம் போனார். 2003இல் வழக்கு சேலத்துக்கு மாறியது, மறுவிசாரணை நடந்தது. 2007இல் 28 பேர் குற்றவாளிகள், மூவருக்குத் தூக்கு.

கிருஷ்ணகிரியிலேயே விடுதலைத் தீர்ப்பு வந்திருந்தால்? கீழமை நீதிமன்றம் விடுவித்தவருக்கு நிரபராதி என்ற அனுமானம் இன்னும் வலுப்படும் என்கிறது உச்ச நீதிமன்றத்தின் 2007ஆம் ஆண்டு சந்திரப்பா தீர்ப்பு. அப்பாவிக்கு அது அரண். சாட்சியின் வாயை அடைத்து வாங்கிய விடுதலைக்கும் அதே அரண்தான்!

சாமானியன் மாட்டினால் மட்டும் நம் சாட்சிகளுக்குக் கழுகுக் கண். தமிழ்நாட்டுக் கொலை வழக்கு ஒன்றில், குரங்குக் குல்லா போட்டு வந்தவரை நீதிமன்றத்தில்தான் முதன்முதலாக அடையாளம் காட்டினார்கள். அதற்குமுன் அடையாள அணிவகுப்பே நடக்கவில்லை. இரண்டு நீதிமன்றங்கள் அதை நம்பின. 2024இல் உச்ச நீதிமன்றம் அவரை விடுவித்தது. குல்லாவுக்குள் இருந்த முகம் தெரிகிறது. கொடி பிடித்து நின்ற முகம் தெரியவில்லை!

பேருந்து வழக்கின் மூவருக்கும், கூட்ட வெறியில் நிதானமிழந்தார்கள் என்று 2016இல் தூக்கு ஆயுளானது. சாட்சிக்குக் கண் போனது, குற்றவாளிக்கு நிதானம் போனது. மாணவிகளுக்குத்தான் உயிர் போனது.

2018 நவம்பரில் எம்.ஜி.ஆர். நூற்றாண்டைச் சொல்லி அந்த மூவரையும் அரசு விடுதலை செய்தது. சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் நாடு முழுவதும் சட்டமாகச் செல்லும் என உச்ச நீதிமன்றம் அறிவித்தது அதற்கடுத்த மாதம்.