ஃபிரிட்ஜுக்குச் சுருதி சேர்த்தவர்

கேள்வி: சுயாதீனப் படங்களுக்கு இசையமைத்தே ஒருவர் காலம் தள்ள முடியுமா?

பதில்: தள்ளலாம், அவசரப்படக் கூடாது. அமெரிக்க இசையமைப்பாளர் கார்ட்டர் பர்வெல் ஹார்வர்டில் படித்தவர். ஆய்வுக்கூடத்தில் கம்ப்யூட்டர் வேலை பார்த்தவர். இயக்குநர்களான கோயன் சகோதரர்களின் முதல் படமான 'பிளட் சிம்பிள்' (1984)தான் அவருக்கும் முதல் படம். யாருக்கும் அனுபவமில்லை. யார் யாரைக் குறை சொல்வது?

அவர்களுடைய 'நோ கன்ட்ரி ஃபார் ஓல்ட் மென்' (2007) இரண்டு மணி நேரப் படம். இசையோ, கடைசி டைட்டிலையும் சேர்த்துப் பதினாறே நிமிடம்! பெட்ரோல் பங்க்கில் கொலைகாரன் நாணயத்தைச் சுண்டிப் பூவா தலையா கேட்கும் காட்சியில் ஃபிரிட்ஜின் உறுமல் கேட்கும். அந்த 60 ஹெர்ட்ஸ் ரீங்காரத்துக்கே சுருதி சேர்த்து, இசை வந்ததே தெரியாமல் நுழைத்துவிட்டார் மனிதர். (தயாரிப்பாளர் சம்பளத்தைக் குறைக்காமல் இருந்தால் சரி.)

நடுவே 'ட்வைலைட்' மாதிரி வசூல் படங்களும் செய்தார். வாடகை கட்ட வேண்டாமா?

முதல் ஆஸ்கார் பரிந்துரை 2016-இல், 'கேரல்' படத்துக்கு. விருதைத் தட்டிச் சென்றவர் 87 வயது இசையமைப்பாளர் என்னியோ மோரிகோனி. போட்டியில் வென்று அவர் வாங்கிய முதல் ஆஸ்காரும் அதுதான்!