தாசில்தார் மாப்பிள்ளைக்கு மாமன் யோசனை

வா மாப்ள, உக்காரு. குஷன் நாற்காலிக்குப் பழகுன ஒடம்புக்குத் திண்ணை உறுத்தத்தான் செய்யும். என்ன, மொகம் வாடிக்கெடக்கு? ஆபீஸ்ல ஐகோர்ட் உத்தரவா குவிஞ்சு கெடக்கா? அட, இதுக்குப் போயி!

உத்தரவு வந்ததும் நிறைவேத்திப்புடாத, சனம் கெட்டுப்போகும். முதல்ல நகலே வரலைன்னு சொல்லு. கொண்டாந்து குடுத்தா, சீல் குத்தி செக்‌ஷனுக்கு அனுப்பு. பெறகு சர்வேயர் லீவு. அவர் வந்தா போலீஸ் பந்தோபஸ்து கெடைக்கல. கோர்ட் குடுத்த 12 வாரம் ஓடியே போயிரும். ‘மனுவைப் பரிசீலிக்கணும்’னு மட்டும் போட்டிருந்தா உனக்கு யோகம். பரிசீலிச்சு, முடியாதுன்னு ஒரு கடுதாசி எழுதிரு. உத்தரவை மதிச்ச மாதிரியும் ஆச்சு, மனு போட்ட ஆளு மறுபடி முதல்லருந்து வழக்குப் போட ஐகோர்ட்டுக்கு ஒத்தக்கடை பஸ் ஏறுன மாதிரியும் ஆச்சு.

மீறி கோர்ட் அவமதிப்புன்னு கன்டெம்ப்ட் போட்டானா? அப்பத்தான் உனக்கு அப்பீல் நெனப்பே வரணும். ஆனா ஒண்ணு, அப்பீல் போட்டா மட்டும் பத்தாது, தடை வாங்கணும். இது தெரியாம நிறைய ஆபீசருங்க முழிச்சிருக்காங்க.

தண்டனைக்கும் பயப்படாத. 1971-ஆம் வருசத்துச் சட்டம். ஆறு மாசம் வரைக்கும் வெறுங்காவல், இல்ல 2,000 ரூபா வரைக்கும் அபராதம், இல்ல ரெண்டும். அன்னைக்கு அது காசு. இன்னைக்கு உன் ஜீப்புக்கு டீசல் ரொப்பக் காணாது. விஜய் மல்லையா கோர்ட் உத்தரவை மீறி 4 கோடி டாலரைப் பிள்ளைங்களுக்கு மாத்துனாருன்னு 2022-ல சுப்ரீம் கோர்ட் நாலு மாசம் ஜெயில் போட்டுச்சு. அபராதம் எம்புட்டுங்கிற? அதே 2,000 தான். பணத்தைத் திருப்பிக் கட்டச் சொன்னது தனி. ஜெயிலுதான் லண்டன் வரைக்கும் போக மாட்டேங்குது.

மன்னிப்பு மனசாரக் கேட்டா விட்டுரலாம்னு சட்டத்துலயே எழுதிருக்கு. அபிடவிட்டை இப்பவே டைப் அடிச்சு வச்சுக்க, தேதியை மட்டும் காலியா விடு. தப்பு நடந்து ஒரு வருசத்துக்குள்ள அந்தாளு கோர்ட்டுக்கு வரலைன்னா, இருபதாம் பிரிவு உனக்குக் காவல் தெய்வம்.

என்ன ஒண்ணு, சாமி எல்லா நாளும் தொணை வராது. அயோத்தி விசயத்துல கோர்ட்டுக்குக் குடுத்த வாக்கைக் காப்பாத்தலைன்னு கல்யாண் சிங்குக்கு 1994-ல ஒரு நாள் ஜெயில். முதலமைச்சரா இருந்த மனுசன், மாப்ள! 2006-ல மகாராஷ்டிராவுல கோர்ட் உத்தரவை மீறி மரமறுக்குற மில்லுக்கு அனுமதி குடுத்ததுக்கு மந்திரிக்கும் செயலாளருக்கும் ஆளுக்கு ஒரு மாசம். நீ தாசில்தாரு.

எந்திரிச்சிட்டியே, காப்பி வருது இரு. நம்ம கம்மா வரத்துக்கால் ஆக்கிரமிப்பை எடுக்கச் சொல்லி ஒரு உத்தரவு உன் பீரோவுல கெடக்கு. மனுதாரர் பேரைப் பாத்திருக்க மாட்ட, நான்தான். பழைய தாசில்தார் காலத்து உத்தரவும்ப, அதான் நகலை உன் பேருக்கே மறுபடி தபால்ல அனுப்பி, வாங்குனதுக்குக் கையெழுத்தும் வாங்கி வச்சிருக்கேன். ஒரு வருசம் முடியவும் இன்னும் நாள் கெடக்கு. ரிட் மனுவுல தாசில்தார்னு பதவியைப் போட்டாப் போதுமாம். கன்டெம்ப்ட்டுல ஆள் பேரு வேணுமாம். வக்கீலு இனிஷியல் கேட்டாரு. எந்தங்கச்சி புருசன் பேரு எனக்குத் தெரியாதா, நானே சொல்லிட்டேன்.