மூப்பே முதலீடு

கேள்வி: கதாநாயகிகள் பத்து வருஷத்தில் காணாமல் போகிறார்கள். நடிகை எஸ்.என். லட்சுமி மட்டும் எப்படி அரை நூற்றாண்டு தாக்குப்பிடித்தார்?
– ஒரு வாசகர், சாத்தூர்

பதில்: கதாநாயகிக்கு வயசானால் மார்க்கெட் போச்சு. இவர் அந்த வம்பே வேண்டாமென்று முதலிலேயே அம்மாவாகிவிட்டார்! 1964இல் ‘சர்வர் சுந்தரம்’ படத்தில் நாகேஷுக்கு அம்மா. நிஜத்தில் அவரைப் பெற்றிருக்கக்கூடிய வயசா இவருக்கு? தலையில் கொஞ்சம் வெள்ளை பூசினால் யார் கணக்குப் பார்க்கப்போகிறார்கள்!

விருதுநகர் பக்கத்துக்காரர். என்.எஸ்.கிருஷ்ணன் நாடகக் குழுவில் பழகியவர். மைக் இல்லாமலே கடைசி வரிசைக்குப் பேசிப் பழகிய குரல், சினிமாவில் சும்மா முணுமுணுத்தாலும் காதில் விழுந்தது.

நான் சொக்கிப்போனது ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) பாட்டியிடம். பாலக்காட்டுத் தமிழ், பழுத்த பக்தி முகம், போகிற இடமெல்லாம் கைவரிசை. கமல் நாலு வேஷம் கட்டியும், இந்தப் பாட்டி ஒரே வேஷத்தில் கைதட்டலைத் தட்டிக்கொண்டு போனார். கமலுக்கும் அது பிடித்திருக்க வேண்டும். ‘மகாநதி’யில் மாமியாராக்கினார், ‘விருமாண்டி’யில் (2004) பாட்டியாக்கினார்.

கேள்வி: பாட்டிகளுக்கு ரிட்டயர்மென்ட் கிடையாதா?
– அதே வாசகர்

பதில்: லட்சுமி 2012 பிப்ரவரியில் காலமானார். அதற்குக் கொஞ்ச காலம் முன்புவரை ‘சரவணன் மீனாட்சி’ சீரியலில் பாட்டியாக வந்துகொண்டிருந்தார். பென்ஷன் வாங்குகிற வயசில் சம்பளம் வாங்கியவரிடம் போய் இதைக் கேட்டிருந்தால், விருமாண்டி ஊர்ப் பாஷையில் நாலு வாங்கியிருப்பீர்கள்!