புற்றுக்காளானும் அதன் பிறப்புச் சான்றிதழும்

கேள்வி: சிற்றாறு தாமிரபரணியில் கலக்கிற எங்கள் ஊரில் தலைமுறை தலைமுறையாகப் புற்றுக்காளான் குழம்பு உண்டு. அதை 1979-ல்தான் கண்டுபிடித்தார்களாமே?
(வாசகர், சீவலப்பேரி)

கண்டுபிடித்தது உங்கள் பாட்டிமார்தான். 1979-ல் நடந்தது விவரிப்பு. புற்றுக்காளான்களில் பல இனங்கள் உண்டு. அவற்றில் ஒன்றை இதுவரை யாரும் எழுதிவைக்கவில்லை என்று கண்டு, ‘மைக்காலஜியா’ ஆய்விதழில் ‘டெர்மிட்டோமைசஸ் ஹைமியை’ என்று பெயரிட்டு வெளியிட்டவர் சென்னைப் பல்கலைக்கழகத் தாவரவியல் அறிஞர் கே. நடராஜன். உங்கள் குழம்பில் கிடப்பது அதுவா, அதன் பங்காளியா என்பதைக் காளானைப் பார்க்காமல் சொல்ல மாட்டேன்.

கேள்வி: ஒரு காளானுக்குப் பெயர் வைக்க அவ்வளவு பாடா?
(வாசகி, பாளையங்கோட்டை)

பாடுதான். அன்றைய விதிப்படி லத்தீன் மொழியில் விவரணை எழுத வேண்டும். உலர்த்திய மாதிரி ஒன்றையும் காட்ட வேண்டும். லத்தீன் கட்டாயம் 2012-ல் போய்விட்டது. மாதிரி விதி இன்றும் நிற்கிறது, நிற்கவும் வேண்டும். குழம்பில் கொதித்த காளான் சாட்சிக்கு வராது. பெட்டியில் காய்ந்து கிடப்பதை நூறு வருஷம் கழித்தும் ஒருவர் நுண்ணோக்கியில் வைத்து, நடராஜன் எழுதியது சரியா என்று கேட்கலாம். எழுதியவரையே விசாரிக்க இடம் வைத்திருக்கும் இந்த ஏற்பாட்டின் மேல் எனக்குப் பெரிய மரியாதை.

கேள்வி: ‘ஹைமியை’ என்ற பெயரில் இருக்கும் ஹைம் யார்?
(வாசகர், ஸ்ரீவைகுண்டம்)

ரொஜே ஹைம், பிரெஞ்சுக்காரர். கறையானோடு வாழும் காளான்களுக்கென்று 1942-ல் தனிப் பேரினம் வகுத்தவர். 1979-லேயே காலமானார்.

கேள்வி: புற்றுக்காளானைக் கொட்டகை போட்டு வளர்க்கலாமா?
(வாசகர், கங்கைகொண்டான்)

முதலில் கறையான் வளர்க்க வேண்டும்! அது இலையையும் மரத்தையும் மென்று தின்று, தன் எச்சத்தால் தேனடைபோல அடுக்கு கட்டி, அதில் இந்தப் பூஞ்சையைப் பயிர் செய்து சாப்பிடுகிறது. மழை ஈரம் இறங்கினால் பூஞ்சை நீண்ட வேர்போன்ற தண்டை மேலே அனுப்பிக் குடை விரிக்கிறது. அந்த விவசாயத்தை மனிதர் இன்னும் கற்கவில்லை. கொட்டகைக்குப் பால்காளான் இருக்கிறது. 1974-ல் வங்கத்திலிருந்து விவரிக்கப்பட்ட இனம். தமிழ்நாடு வேளாண் பல்கலைக்கழகம் 1998-ல் ‘ஏ.பி.கே. 2’ என்ற ரகமாகத் தந்தது.

கேள்வி: விஷக்காளானை வெள்ளிக் கரண்டி காட்டிக்கொடுக்குமா?
(வாசகி, சீவலப்பேரி)

கொடுக்காது. பூண்டும் கொடுக்காது, தயவுசெய்து நம்பாதீர்கள். குடையை மட்டும் வெட்டி வெள்ளைக் காகிதத்தில் ஓர் இரவு கவிழ்த்து வையுங்கள். பச்சைத் தூள் உதிர்ந்தால் அது நஞ்சு, வீசிவிடுங்கள். புற்றுக்காளான் இளஞ்சிவப்பாக உதிர்க்கும். ஆனால் இளஞ்சிவப்பாக உதிர்க்கும் விஷக்காளானும் உண்டு. அதனால் காளானைப் பிடுங்காமல் தோண்டியெடுங்கள். அடித்தண்டு புற்றுக்குள் இறங்கவில்லை என்றால் வீட்டுக்குக் கொண்டுவர வேண்டாம்.