பந்து தெரியாத பந்தாட்டம்

கால்பந்தைப் பற்றியதாக இருந்தும் பந்து ஒருமுறைகூடக் கண்ணில் படாத கணினி விளையாட்டு என்ற பெருமை, 2001-ஆம் ஆண்டின் இறுதிப் பகுதியில் இங்கிலாந்தில் வெளிவந்த ‘சாம்பியன்ஷிப் மேனேஜர் 01/02’-க்கு உண்டு. காலியர் சகோதரர்களின் ஸ்போர்ட்ஸ் இன்டராக்டிவ் நிறுவனம் உருவாக்கிய இதில், ஆடுபவர் வீரராக அல்லாமல் மேலாளராக, அதாவது ஆள் வாங்கி, அணி வகுத்து, தோற்றால் வேலையை இழப்பவராக அமர்கிறார்.

ஆட்டமோ திரையில் பளிச்சிட்டு மறையும் ஒற்றை வரிகளாகவே நடக்கிறது: இன்னார் பந்தை எடுத்துச் செல்கிறார், உதைக்கிறார் என்பதோடு ஒரு வரி நின்றுவிட, அடுத்த வரி வரும் வரையிலான அந்த இடைவெளியில், படித்துப் பட்டம் பெற்றவர்களும் மூச்சுவிட மறந்திருக்கின்றனர். இறுதிப் போட்டியன்று கோட்டும் டையும் அணிந்து கணினியின் முன் அமர்ந்தவர்களும் உண்டு. 2003-இல் வந்த இத்தொடரின் அடுத்த பதிப்பு, வீரர்களைப் புள்ளிகளாக ஓடவிட்டு ஆட்டத்தைக் காட்டியது. அது முன்னேற்றம்தானா என்பது ஐயத்துக்குரியது, ஏனெனில் காணாத வரையில் எந்த அணியும் பிரேசில்தான்.

வீரர்களின் திறமைகளுக்கு 20-க்கு இத்தனை என மதிப்பெண் இடும் பணி, அந்தந்த நாட்டு ஆர்வலர்களிடம் ஒப்படைக்கப்பட்டிருந்தது. போர்ச்சுகலில் அவ்வாறு தகவல் திரட்டிய ஒருவர், கோவெயா என்னும் சிறிய கழகத்தில் டோ மடெய்ரா என்ற முன்கள வீரரைச் சேர்த்துவைத்தார். அள்ளி அள்ளிக் கோலடித்த அவரிடம் இருந்த ஒரே குறை, அவர் பிறக்கவே இல்லை என்பதாகும். உண்மை தெரிந்தபின் வந்த திருத்தத்தில் அவர் நீக்கப்பட்டார். காயமும் இல்லை, வயதும் ஆகவில்லை, ஆட்டம் மட்டும் முடிந்துபோயிற்று.

மின்ஸ்க் நகரில் உண்மையாகவே பிறந்த மாக்சிம் சிகால்கோவின் கதை வேறு: மேலாளர்கள் தேடித் தேடி வாங்கி, கோல் கணக்கை எழுதிவைத்து மகிழ்ந்த அவர், மெய்யான திடலில் தொடர்காயங்களால் முப்பது வயதுக்கு முன்பே ஒதுங்க நேர்ந்தது. மதிப்பெண் போட்டவர்கள் முழங்காலை விசாரிக்கவில்லை போலும்.

2008-இல் இவ்விளையாட்டு இலவசமாக்கப்பட்டது. அதன்பின் ரசிகர்கள், பழைய மென்பொருளை அப்படியே வைத்துக்கொண்டு, இன்றைய வீரர்களின் பெயர்களை அதில் ஏற்றி வருகின்றனர். இதனால், 2001-இல் உலகிலேயே இல்லாத இளைஞர்கள் பலர் அந்த ஆண்டின் ஆட்டத்தில் கோலடித்துக் கொண்டிருக்கின்றனர். பிறந்திருக்க வேண்டும் என்ற விதி இப்போது தளர்த்தப்பட்டுவிட்டதாகத் தெரிகிறது.