கோவிந்தாபுரத்து ஊடலில் வாயில்களின் தட்டுப்பாடு

தலைவனுக்கும் தலைவிக்கும் முகம் கோணினால் இடையில் புகுந்து சமாதானம் பேச வாயில்கள் பன்னிருவரைத் தொல்காப்பியர் கற்பியலில் அடுக்குகிறார். தோழியில் தொடங்கிக் கண்டோரில் முடிகிற அந்தப் பட்டியலோடு முதலமடைப் பக்கம் கோவிந்தாபுரத்தில் தேடினால், அகப்படுவது ஒன்றரை வாயில்தான் என்பது இவ்வாய்வின் துணிபு. ஊடல் குறையவில்லை; தூது போக ஆளில்லை.

திணைச் சிக்கல் ஒன்று உண்டு. நிமிர்ந்தால் மலை, எனவே குறிஞ்சி. மீன்கரை அணைத் தண்ணீர் பாயும் வயல், எனவே மருதம். கண்ணுக்கெட்டிய மாந்தோப்புக்கு இலக்கணத்தில் இடமில்லை. இரவு எட்டு மணிக்கு மேல் எல்லா வீடும் மருதமே என்று கொள்க.

மிஞ்சிய முழு வாயில் 'இளையர்'. ஏவலர் என்று உரை காண்பர். சரிதான், சம்பளமில்லா ஏவலர். "அம்மணி, மோட்டார் போட்டாச்சான்னு உங்கப்பங்கிட்டக் கேளு" என்கிறார் தலைவி. உங்கப்பன் இரண்டடி தள்ளி, அதே திண்ணையில். "போட்டாச்சுன்னு சொல்லு." அம்மணி ஃபோனிலிருந்து தலையெடுக்காமல், "கேட்டுச்சில்ல?" என்கிறாள். தூது நிறைவுற்றது.

அரை வாயில் வாட்ஸப் ஸ்டேட்டஸ். சோகப்பாட்டு ஒருவருக்காக வைக்கப்படுகிறது. சித்தி, நாத்தனார், பால்காரர் எல்லோரும் பார்த்துவிடுகிறார்கள், அந்த ஒருவர் மட்டும் பார்ப்பதில்லை. 24 மணி நேரத்தில் பாட்டு மறைகிறது, பொருமல் மறைவதில்லை. 2017 பிப்ரவரியில் இந்த ஸ்டேட்டஸ் வந்தது. அதே ஆண்டு ஜூலையில் ஜிஎஸ்டி வந்து கேரள எல்லையின் வணிகவரிச் சாவடிகள் ஓய்ந்தன. சரக்கை மறித்துச் சோதிக்கும் வேலை அன்றே வீட்டுக்குள் குடிபுகுந்தது என்பது என் முடிபு. தொடர்பில்லை என்போர் மணமாகாதவர்.

விருந்தினர்தான் பேரிழப்பு. நற்றிணை 120இல் ஊடிய தலைவியின் சிரிப்பைக் காண ஒரு தலைவன் விருந்து வராதா என்று ஏங்குகிறான். வந்தவர் முன் சிடுசிடுக்க முடியாதே! இன்றோ வருபவர் முன்கூட்டியே ஃபோன் போடுகிறார், "சாப்பாடெல்லாம் வேண்டாமுங்க" என்கிறார். சமைக்க வேண்டாம், வெங்காயம் உரித்துத் தரச் சொல்ல வேண்டாம், ஆகவே பேசவும் வேண்டாம்.

பரிந்துரை: மாங்காய் வியாபாரிகள் சொல்லாமல் வரவேண்டும். பதினொரு மணிக்கு மேல், நான்கு பேராக. சைவம் மட்டும் என்பவர் வாயில் கணக்கில் சேரார்.